காலமும் கடமையும்: ககுத்மி மன்னன் கதை உணர்த்தும் உண்மை

காலம் என்பது எல்லோருக்கும் ஒன்றே என்ற நினைவிலேயே நாம் வாழ்ந்து வருகின்றோம். ஆலய மணியோசை ஊரில் உள்ள எல்லோருக்கும் ஒரே வேளையிலே கேட்கின்றது. பஞ்சாங்கத்திலே குறித்த சுபநேரம் செல்வருக்கும் வறியவருக்கும் பொதுவானது. ஆயினும் எமது புராணங்கள் இந்த நினைவை அப்படியே ஏற்றுக்கொள்வதில்லை. உலகத்துக்கு உலகம் காலம் வேறுபடும் என்றும், ஓரிடத்திலே ஒரு கணமாகக் கழிவது வேறோரிடத்திலே பல யுகங்களாகக் கழியும் என்றும் அவை கூறுகின்றன. அப்படியாயின் ஒரு கேள்வி எழுகின்றது. எனது காலமும் உனது காலமும் வேறுவேறாயின், நான் உனக்குச் செய்ய வேண்டிய கடமையை எவருடைய காலத்தைக் கொண்டு அளப்பது? இக்கேள்வியை எமது ஆலய மலரிலே அடியார்களோடு சேர்ந்து சிறிது சிந்திக்க விரும்புகின்றேன்.

இதற்கு நல்லதோர் உதாரணம் பாகவத புராணத்திலும் விஷ்ணு புராணத்திலும் வரும் ககுத்மி மன்னனின் வரலாறாகும். குசஸ்தலி என்னும் நகரத்திலிருந்து ஆட்சி செய்தவன் ககுத்மி. ரைவதன் என்பதும் அவனுக்குரிய பெயர். அவனுக்கு இரேவதி என்றொரு மகள் இருந்தாள். அவளுக்கு ஏற்ற மணமகன் யார் என்று தீர்மானிக்க முடியாமல், படைத்தவரையே கேட்டுவிடுவோம் என்று எண்ணி, மகளையும் அழைத்துக்கொண்டு அவன் பிரமலோகம் சென்றான். அவன் சென்ற வேளையிலே அங்கே இசை நிகழ்ந்துகொண்டிருந்தது. ஆகா, ஊகூ என்னும் கந்தருவர்கள் பிரமதேவர் முன்னிலையிலே பாடிக்கொண்டிருந்தார்கள் என்று விஷ்ணு புராணம் கூறும். சபையிலே இடைநடுவிற் பேசுவது முறையன்று என்று உணர்ந்த மன்னன் பாட்டு முடியும்வரை அமைதியாகக் காத்திருந்தான். அது அவனுக்கு ஒரு கணம் போலவே தோன்றியது.

பாட்டு முடிந்ததும் அவன் வணங்கி, தன் மனத்திலே எண்ணியிருந்த அரசிளங்குமரர்களைப் பற்றி எடுத்துரைத்து, இவர்களுள் எவர் தகுதியானவர் என்று கேட்டான். பிரமதேவர் சிரித்தார். நீ எண்ணி வந்தவர்களுள் ஒருவரும் இன்று இல்லை, அவர்களுடைய பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் இல்லை, அவர்களது குலத்தின் பெயரைச் சொல்வதற்கும் ஆளில்லை, நீ இங்கே காத்திருந்த நேரத்திலே பூவுலகில் 27 சதுர்யுகங்கள் கழிந்துவிட்டன என்று கூறினார். மன்னன் திகைத்து நின்றான். பிரமதேவரே வழியும் காட்டினார். திருமாலின் அம்சமாகிய பலராமர் இப்போது பூமியிலே அவதரித்திருக்கின்றார், அவருக்கே உன் மகளைக் கொடு என்றார். மன்னன் திரும்பி வந்தான். பழைய குசஸ்தலி இருந்த இடத்திலே துவாரகை இருந்தது. மகளைப் பலராமருக்கு மணம் செய்து கொடுத்துவிட்டு அவன் இமயத்தை நோக்கித் தவத்துக்குச் சென்றான்.

இக்கதையிலே வரும் கணக்கைச் சற்றுப் பார்ப்போம். ஒரு சதுர்யுகம் என்பது 43,20,000 மானிட வருடங்கள். 27 சதுர்யுகங்கள் என்றால் 11 கோடியே 66 லட்சத்து 40 ஆயிரம் வருடங்கள். பிரமதேவரின் ஒரு பகற்பொழுது 1,000 சதுர்யுகங்களைக் கொண்டது. எமது வழக்கப்படி பகற்பொழுதை 30 நாழிகையாகக் கொண்டால், 27 சதுர்யுகங்கள் ஒரு நாழிகைக்கும் குறைந்த நேரமே ஆகும். ஒரு நாழிகை 24 நிமிடம் என்ற கணக்கிலே அது ஏறக்குறைய 19½ நிமிடம். ஓர் இராகத்தை ஆலாபனை செய்து ஒரு கீர்த்தனையைப் பாடி முடிக்க ஆகும் நேரம் அது. ஆகவே மன்னன் அங்கே பொழுதை வீணே போக்கினான் என்று எவரும் சொல்ல முடியாது. ஒரு பாட்டுக் கேட்டான், அவ்வளவே. அதற்குள் அவன் அறிந்திருந்த உலகம் முழுவதும் போய்விட்டது.

இவையெல்லாம் வெறும் கற்பனை என்று இன்றைய இளைஞர்கள் சொல்லக்கூடும். ஆனால் காலம் எல்லா இடத்திலும் ஒரே வேகத்திலே ஓடுவதில்லை என்பதை விஞ்ஞானமும் ஒப்புக்கொண்டு நூறு வருடங்களுக்கு மேலாகின்றது. விரைந்து செல்லும் கடிகாரம் மெதுவாக ஓடும் என்பதை 1905ஆம் ஆண்டிலும், ஈர்ப்பு மிகுந்த இடத்திலே காலம் மெதுவாகச் செல்லும், அங்கே வெளியும் வளையும் என்பதை அடுத்து வந்த பத்து ஆண்டுகளிலும் ஐன்ஸ்ரைன் நிறுவினார். 1971ஆம் ஆண்டு ஹாபலே, கீற்றிங் என்ற இரு அமெரிக்கர்கள் மிக நுட்பமான அணுக் கடிகாரங்களைப் பயணிகள் விமானங்களிலே ஏற்றி உலகைச் சுற்றி வந்தார்கள். தரையிலே இருந்த கடிகாரங்களோடு ஒப்பிட்டபோது அவை வேறுபட்டன. ஒரு செக்கனை நூறு கோடியாகப் பிரித்தால், கிழக்கு நோக்கிச் சென்றவை அவற்றிலே 59 பங்கு அளவு பின்தங்கியும், மேற்கு நோக்கிச் சென்றவை 273 பங்கு அளவு முந்தியும் இருந்தன. இன்று கைத்தொலைபேசியிலே வழி பார்த்துப் போகின்றோமே, அதற்கு உதவும் செய்மதிகளின் கடிகாரங்கள் பூமியிலுள்ள கடிகாரங்களைவிட நாளொன்றுக்கு 38 மைக்குறோ செக்கன் வேகமாக ஓடுகின்றன. இந்த வேறுபாட்டைத் திருத்தாது விட்டால் ஒரே நாளிலே வழி பல கிலோமீற்றர் தவறிவிடும்.

எனினும் இதைக் காட்டி, எமது முன்னோர் ஐன்ஸ்ரைனுக்கு முன்பே எல்லாவற்றையும் கண்டுபிடித்துவிட்டார்கள் என்று மார்தட்டுவது முறையன்று. புராணத்திலே மேலுலகம் செல்லச் செல்லக் காலம் மெதுவாகின்றது. விஞ்ஞானத்திலோ ஈர்ப்பினால் வரும் வேறுபாடு இதற்கு நேர்மாறானது. பூமியை விட்டு உயரச் செல்லச் செல்லக் கடிகாரம் விரைந்து ஓடுகின்றது. ஆகவே புராணம் பௌதிக பாடநூலன்று. அது எமக்குப் போதிக்க வந்தது வேறொன்று. காலம் எல்லோருக்கும் ஒன்றென்று எண்ணி ஏமாறாதே என்பதே அது.

சைவ சித்தாந்தமும் இதனை வேறொரு வகையிலே விளக்குகின்றது. முப்பத்தாறு தத்துவங்களை வகுக்கும்போது காலத்தை வித்தியா தத்துவங்கள் ஏழனுள் ஒன்றாக வைத்தார்கள் எமது ஆசாரியர்கள். அது மாயையிலிருந்து தோன்றியது. சடப்பொருள். தோன்றிய பொருளாதலின் ஒடுங்குவது. காலத்தின் ஆட்சிக்கு உட்படாதவன் இறைவன் ஒருவனே. பதினாறு வயதோடு ஆயுள் முடியவிருந்த மார்க்கண்டேயர் சிவலிங்கத்தைத் தழுவிக்கொள்ள, காலனைக் காலால் உதைத்த பெருமான் அவரை என்றும் பதினாறாக வாழ அருளினார் அல்லவா? காலம் அவன் ஆணைக்கு அடங்கியது என்பதே அதன் கருத்து. நாமோ காலத்தினுள்ளே கட்டுண்டவர்கள். அதுவும் ஆளுக்கொரு அளவிலே கட்டுண்டவர்கள்.

இனி எமது கேள்விக்கு வருவோம். ககுத்மி மன்னன் செய்தது பிழையா?

பிழையில்லை என்று சொல்வதற்கு நியாயங்கள் உண்டு. மகளுக்கு நல்ல வாழ்வு அமைய வேண்டும் என்பதே அவன் நோக்கம். பெரியோர் சபையிலே குறுக்கிடாது இருந்தது பண்பு. அங்கே ஒரு பாட்டு இங்கே பல யுகம் என்பதை அவன் அறியான். அறியாது நிகழ்ந்ததற்கு அவனைக் குற்றவாளியாக்க முடியாது. பிரமதேவரும் அவனைச் சபிக்கவில்லை, கண்டிக்கவும் இல்லை.

ஆயினும் கதையின் மறுபக்கத்தையும் பார்க்க வேண்டும். மன்னன் பிரமலோகத்திலே இருந்த காலத்திலே புண்ணியஜனர் என்னும் இராக்கதர் குசஸ்தலி நகரைத் தாக்கி அழித்தனர் என்றும், அவனுடைய நூறு சகோதரரும் அஞ்சி நாலாதிசையும் ஓடினர் என்றும், அவர்தம் வழிவந்தோர் எல்லாத் தேசங்களிலும் குடியேறினர் என்றும் விஷ்ணு புராணம் சொல்கின்றது. இந்தப் பகுதியை எம்மவர் வாசிக்கும்போது வெறும் கதையாக வாசிக்க முடியாது. 1990இலும் 1995இலும் ஊரையும் கோயிலையும் விட்டு நடந்தவர்கள் நாம். நாலாதிசையும் சிதறியவர்களின் பிள்ளைகள் இன்று எல்லாத் தேசங்களிலும் இருக்கின்றார்கள். திரும்பி வந்தவர்களுட் பலர் தம் வீடு இருந்த இடத்தைக் கிணற்றை வைத்தே அடையாளம் கண்டார்கள். மன்னன் குசஸ்தலியைத் தேடி வந்து துவாரகையைக் கண்டபோது அவன் மனம் எப்படி இருந்திருக்கும் என்பதை எமக்கு எவரும் விளக்க வேண்டியதில்லை.

நகரத்தவர் அவனை எதிர்பார்த்திருப்பார்கள். அரசன் இன்று வருவான், நாளை வருவான் என்று வாயிலைப் பார்த்திருப்பார்கள். அவர்களுக்குக் காலம் பாட்டாகப் போகவில்லை. ஒவ்வொரு நாளும் ஒவ்வொரு நாளாகவே போயிற்று. அவன் மனத்திலே குற்றமில்லை என்பதால் அவர்கள் பட்ட துன்பம் இல்லாமற் போய்விடாது. இங்கேதான் எமக்கும் அவனுக்கும் உள்ள வேறுபாட்டைக் காண வேண்டும். அவன் அறியான், நாம் அறிவோம். இன்பத்திலே இருப்பவனுக்குக் காலம் சுருங்கும், காத்திருப்பவனுக்குக் காலம் நீளும் என்பதை அறியாதவர் எம்மில் எவரும் இல்லை. சப்பறத் திருவிழாவன்று மேளக் கச்சேரி கேட்பவருக்கு இரவு போவது தெரியாது. அதே இரவிலே காய்ச்சலிற் கிடக்கும் பிள்ளையின் பக்கத்தில் இருக்கும் தாய்க்கு விடியவே மாட்டாது. அறிந்தவனுக்கு அறியாமை காவலாகாது.

ஆகவே எவருடைய காலத்தைக் கொண்டு கடமையை அளப்பது என்ற கேள்விக்கு விடை என்ன? எமது சமயக் கிரியைகளே அந்த விடையை நெடுங்காலமாகச் சொல்லி வருகின்றன என்று நான் கருதுகின்றேன். எமக்கு ஒரு மாதம் பிதிர்களுக்கு ஒரு நாள் என்பது சாத்திரம். மாதந்தோறும் அமாவாசையிலே விரதமிருந்து தர்ப்பணம் செய்பவர், பிதிர்களின் கணக்கிலே தினந்தோறும் உணவிடுபவர் ஆகின்றார். எமக்கு ஒரு வருடம் தேவர்களுக்கு ஒரு நாள். உத்தராயணம் அவர்களின் பகல், தட்சிணாயனம் இரவு. ஆகவே மார்கழி அவர்களின் வைகறை. அதனாலேயே மார்கழியிலே திருவெம்பாவைப் பூசையைச் சிறப்பாகச் செய்கின்றோம். இங்கெல்லாம் கொடுப்பவர் நாம், பெறுபவர் பிதிரரும் தேவரும். ஆனால் எமது வசதியைக் கொண்டு வேளை குறிக்கப்படவில்லை. பெறுபவருக்கு எது காலை, எது உணவு வேளை என்று பார்த்தே குறிக்கப்பட்டிருக்கின்றது. கடமையைப் பெறுபவரின் காலத்தைக் கொண்டே அளக்க வேண்டும் என்ற தர்மம் இதனுள் அடங்கியிருக்கின்றது. கண்ணுக்குத் தெரியாத பிதிர்களுக்கே இந்த மரியாதை உண்டென்றால், கண்ணெதிரே காத்திருப்பவருக்கு இல்லாமற் போகலாமா?

அரச சேவையிலே எழுதுவினைஞனாக நீண்ட காலம் கடமையாற்றியவன் என்ற வகையிலே ஓர் உதாரணம் சொல்வேன். ஓர் அலுவலகத்திலே ஒரு கோவை மேசையில் ஒரு வாரம் கிடந்தால் அது அலுவலகத்துக்கு ஒரு பொருட்டே அன்று. பதிவேட்டிலே இரண்டு திகதிகளுக்கு இடையிலுள்ள வெற்றிடம், அவ்வளவே. அந்தக் கோவைக்கு உரியவர், விதவைகள் அநாதைகள் ஓய்வூதியத்தை எதிர்பார்த்திருக்கும் ஒரு தாயாக இருப்பார். அவருக்கு அந்த ஏழு நாளும் கடைக்காரரிடம் தவணை சொல்லி அரிசி வாங்கும் ஏழு நாட்கள். மேசைக்கு இந்தப் பக்கம் ஒரு காலம், அந்தப் பக்கம் இன்னொரு காலம். பிரமலோகத்துக்கும் பூவுலகத்துக்கும் இடையிலுள்ள தூரம் சில வேளைகளிலே ஒரு மேசையின் அகலமே ஆகும்.

வெளிநாடுகளிலே வாழும் எமது பிள்ளைகளையும் எண்ணிப் பார்க்கின்றேன். அடுத்த திருவிழாவுக்கு வருகின்றேன் அம்மா என்று கனடாவிலிருந்தோ லண்டனிலிருந்தோ மகன் சொல்கின்றான். பொய் சொல்லவில்லை. வேலை, வீட்டுக் கடன், பிள்ளைகளின் படிப்பு என்று அவனுக்கு ஒரு வருடம் ஒரு கிழமை போல ஓடிவிடுகின்றது. இன்னும் ஒரு வருடந்தானே என்று நினைக்கின்றான். எண்பது வயதுத் தாய்க்கோ எஞ்சியுள்ள கொடியேற்றங்களை விரல்விட்டு எண்ணலாம். அவன் கேட்கும் பாட்டு முடியும்போது இங்கே ஒரு யுகம் முடிந்திருக்கும். காணாமற்போன பிள்ளை வருவான் என்று வாசலைப் பார்த்திருக்கும் தாய்மாருக்கோ காலம் நீளவும் இல்லை, சுருங்கவும் இல்லை. அந்த ஒரு நாளிலேயே நின்றுவிட்டது. காலம் எல்லாவற்றையும் ஆற்றும் என்று அவர்களிடம் இலகுவாகச் சொல்லிவிட எமக்கு உரிமை இல்லை.

இந்த அளவுகோலை ஒரு பக்கத்துக்கு மட்டும் பிடிக்கலாகாது. ஊரிலிருந்து நாம் உதவி கேட்கும்போதும் இதே தர்மம் உண்டு. கோயிற் திருப்பணிக்கு இந்தத் தொகை அவர்களுக்கு ஒரு பொருட்டா என்று நாம் இலேசாகச் சொல்லிவிடுகின்றோம். அந்தத் தொகை பனிக்குளிரிலே இரவு வேலைக்குப் போன எத்தனை இரவுகள் என்பதை அனுப்பியவரின் கணக்கிலே எண்ணிப் பார்க்க வேண்டும். அப்போது பெற்ற ஒவ்வொரு சதத்துக்கும் ஒழுங்கான கணக்குக் காட்ட வேண்டும் என்ற பயமும் தர்மகர்த்தாக்களாகிய எமக்குத் தானாக வரும்.

ஆலயத்துக்குள்ளேயும் இதற்கு இடமுண்டு. கந்தசஷ்டி விரதகாலத்திலே ஆறு நாளும் உபவாசம் இருந்து, காலையிலேயே வந்து தூணோடு சாய்ந்திருக்கும் மூதாட்டிகளை நாம் எல்லோரும் கண்டிருக்கின்றோம். உபயகாரர் வரட்டும், விருந்தினர் வரட்டும் என்று பூசையை அரை மணித்தியாலம் பிற்போடுவது எமக்கு அரை மணித்தியாலமே. அந்த மூதாட்டிக்கு அது எவ்வளவு? அன்னதானத்துக்கு முன் பேச்சாளர் இன்னும் ஒரு நிமிடம், இன்னும் ஒரு நிமிடம் என்று நீட்டிக்கொண்டு போகும்போது, வரிசையிலே தட்டோடு நிற்கும் சிறுவர்களுக்கு அது எவ்வளவு? இறைவன் காலத்தைக் கடந்தவன், அவன் காத்திருப்பான். அடியவர்களைக் காக்க வைக்கலாகாது. குறித்த நேரத்திலே பூசையைத் தொடங்குவதும் ஒரு சிவபுண்ணியமே என்பது என் எண்ணம்.

அப்படியாயின் இசையிலும் வழிபாட்டிலும் மனம் தோய்ந்து காலத்தை மறப்பது தவறா என்று ஒருவர் கேட்கலாம். தவறன்று. சந்நிதியிலே நின்று தன்னை மறப்பது பெறுதற்கரிய பேறு. ஆனால் அந்தச் சந்நிதிக்குள் நுழைவதற்கு முன்னர், எனக்காக யாரேனும் காத்திருக்கின்றார்களா என்று ஒரு தடவை திரும்பிப் பார்க்க வேண்டும். நோயாளிக்கு மருந்து கொடுத்துவிட்டு வந்து தொழுகின்ற தொழுகையை எம்பெருமான் தாமதம் என்று தள்ளமாட்டார்.

இவ்வளவும் சொன்ன பின்னர், தாமதமாகிவிட்டவர்களுக்கு இக்கதை தரும் ஆறுதலையும் சொல்லாமல் விடலாகாது. கழிந்த 27 சதுர்யுகங்களைப் பிரமதேவராலும் திருப்பிக் கொடுக்க இயலவில்லை. கொடுத்தது ஒரு வழியை மட்டுமே. மன்னன் அங்கேயே இருந்து அழவில்லை. பழைய உலகத்தைத் திரும்பத் தா என்று வாதாடவும் இல்லை. இப்போது இருக்கின்ற உலகத்துக்கு வந்து, இப்போது செய்யக்கூடிய கடமையைச் செய்தான். வரன்கள் எல்லோரும் போய்விட்ட பின்னரும் மகள் இருந்தாள், மகளுக்கு ஒரு வாழ்வும் இருந்தது.

இதிலே இன்னுமொரு செய்தியும் உண்டு. பழைய யுகத்திலே பிறந்த இரேவதி அக்காலத்து மக்களைவிட மிக உயரமாக இருந்தாளாம். பலராமர் அவளை வேண்டாம் என்று சொல்லவில்லை. தமது கலப்பையின் நுனியினாலே அவளைத் தம் காலத்துக்கு ஏற்ற அளவினளாக்கி மணந்துகொண்டார் என்று விஷ்ணு புராணம் கூறுகின்றது. நீண்ட காலம் பிரிந்திருந்து ஊருக்குத் திரும்புகின்றவர்கள் எம்மோடு பொருந்தாமல் இருக்கலாம். அவர்களுடைய பிள்ளைகளின் பேச்சும் நடையும் எமக்கு வேறாகத் தோன்றலாம். நாமும் அவர்களுக்கு அப்படியே தோன்றுவோம். வேறு காலத்திலிருந்து வந்தவரைத் தள்ளிவிடாது, மெல்லத் தொட்டு எம்மோடு பொருத்திக்கொள்ள வேண்டும். அதற்குப் பலராமர் ஏந்தியது கமக்காரனின் கலப்பையைத்தான்.

தாயைப் பார்க்க வரவேண்டியவர் இவ்வருடமே வரட்டும். கொடுக்க வேண்டியதைக் கொடுப்பவர் கேட்பதற்கு முன்பே கொடுக்கட்டும். உடன்பிறந்தவரோடு முறிந்த பேச்சை அடுத்த பொங்கலுக்குப் பார்ப்போம் என்று ஒத்திவைத்திருப்பவர் இன்றே படலையைத் திறக்கட்டும். காலங்கடந்த எம்பெருமான், காலத்துக்குள் வாழும் எம் எல்லோருக்கும் உரிய வேளையிலே உரியதைச் செய்யும் நல்லறிவைத் தந்தருள வேண்டும் என்று அவருடைய திருவடிகளைப் பணிந்து வேண்டுகின்றேன்.

சுபம்.